நேற்றை ஒழித்த பச்சமுத்து

மல்லசமுத்திரத்துக்கு மேற்கே இருந்த பச்சமுத்து எனக்கு மாமன் முறை; எங்கம்மாவுடைய பெரியப்பன் மகன். நல்ல உழைப்பாளி என்று சொல்ல எனக்கும் ஆசைதான். சொன்னால், அவர் பெண்சாதி அத்தாயி பட்ட பாட்டைப் பார்த்தவர்கள் காறித் துப்புவார்கள்.

ஈஸ்வர வருசத்துக் கோடையில் கிணற்றைத் தூர் வாரினார்கள். அடியில் நின்ற மாமன் தலையில் மேலேயிருந்து ஒரு கூடை சேறு கவிழ்ந்தது. வேறொருவனாக இருந்தால் திட்டிவிட்டுக் குளிக்கப் போயிருப்பான். மாமனோ மேலேறி வந்து, கிணற்றுக்கு அடியில் ஒரு நாடு இருக்கிறது, போய்ப் பார்த்துவிட்டு வந்தேன் என்றார். அங்கே வெயில் வெள்ளி நிறத்தில் அடிக்குமாம். மரங்கள் தலைகீழாகத் தொங்குமாம். அந்த நாட்டு ஞானிகளுக்கு நேற்றும் இல்லை, நாளையும் இல்லை, இன்றைக்கு மட்டும்தானாம். அரிச்சுவடியைத் தாண்டாத மனுசன், கண்மூடித் திறப்பதற்குள் இத்தனையும் படித்துவிட்டார்.

மதம் பிறந்தது. கிணற்றுச் சேற்றை நெற்றியில் இட வேண்டும். ஒருவரையொருவர் கண்டால் "இன்னைக்கு" என்று கும்பிட வேண்டும். "நேத்து" என்று வாயில் வந்தால் மகாபாவம். கொடுத்த வாக்குக்கு மறுநாள் பதில் சொல்ல வேண்டாம் என்றால் சீடர்களுக்குப் பஞ்சமா? விடிந்ததும் மாமன் வாசலில் கூடிவிடுவார்கள். ஞானத்துக்கு முன்னால் ஆளுக்கொரு சட்டி பழைய கம்பஞ்சோறு. கரைத்து ஊற்றுவது அத்தாயி.

எல்லாரையும்விடப் பக்திமான் தங்கசாமி, மாமனுக்குப் பங்காளித் தம்பி. கிணறு இருவருக்கும் பொது. மாடு பூட்டித் தண்ணீர் இறைக்க ஒரு நாள் இவர் முறை, மறுநாள் அவன் முறை. தன் முறைக்கு இறைத்த தங்கசாமி மறுநாளும் மாட்டோடு வந்து நின்றான். அத்தாயியின் ராகி அப்போதுதான் கதிர் வாங்குகிறது. இருக்கிற கம்பு தீர்ந்தால், வருசம் பூராவும் அந்த வீட்டுக்கு அதுதான் சோறு.

"ஏனுங்க கொழுந்தனாரே, நேத்துத்தானே எறைச்சீங்க? இன்னைக்கு எங்க முறையல்லங்களா?"

தங்கசாமி அண்ணிக்கு முன்னால் காதைப் பொத்திக்கொண்டான். "நங்கையா, அந்தப் பாவ வார்த்தையைச் சொல்லாதீங்க. முன்னால எறைச்சது யாரோ, எவரோ! இன்னைக்கு நான் முந்தி வந்துட்டேன், அவ்வளவுதானுங்க."

அவள் வீட்டுக்கு ஓடினாள். "ஏனுங்க, ராகி காஞ்சு போயிருமுங்க. வந்து ஒரு வார்த்தை கேளுங்க."

சீடர்கள் எல்லாரும் மாமன் முகத்தைப் பார்த்தார்கள். மாமன் தொண்டையைச் செருமினார். "காஞ்சு போயிருமுங்கறது நாளையப் பேச்சு. இன்னைக்குப் பச்சையாத்தானே இருக்குது?"

"அடடா!" என்றார்கள் சீடர்கள், சட்டியை நீட்டிக்கொண்டே.

தங்கசாமி தினமும் முந்தி வந்தான். ராகித் தாள் சுருண்டு, ஓரத்துப் பாத்திகள் வெளுத்துவிட்டன. ஒரு நாள் காலை அத்தாயி நெற்றி நிறையச் சேற்றை அப்பிக்கொண்டு வெறுங்கையோடு வாசலுக்கு வந்தாள்.

"இன்னைக்கு" என்று கும்பிட்டாள். "நானும் சேந்துட்டேனுங்க."

சீடர்களுக்கு ஒரே சந்தோசம். "சோறு, ஆத்தா?"

"ஊற வெச்சது நேத்தல்லங்களா சாமி? அப்ப அது இல்லவே இல்லைன்னு மாட்டுக்கு ஊத்திட்டேன்."

மாமனுக்குக் கோபம் பொத்துக்கொண்டு வந்தது. "கட்டுன புருசனுக்குமாடி இல்லை?"

"கட்டுனது எப்பங்க?"

மாமன் சீடர்கள் பக்கம் திரும்பினார்.

சீடர்களுக்கு ஒவ்வொருவராக அவசர வேலை ஞாபகம் வந்தது. வெயில் ஏறுமுன் வாசல் காலி. நேற்று இல்லாமல் தாக்குப்பிடித்த மதம், நேற்றைய சோறு இல்லாமல் ஒரு பொழுது தாங்கவில்லை. மாமன் அடுப்படியை எட்டிப் பார்த்தார். ராகிக் காட்டைப் பார்த்தார். நேராகக் கிணற்றுக்கு நடந்தார்.

"டேய் தங்கசாமி! நேத்து எறைச்சது நீ. முந்தா நேத்தும் நீ. மாட்டை அவுத்துட்டு நட!"

"அண்ணா, குருவே இப்படிப் பேசலாமுங்களா? கெணத்துக்கு அடியில இருக்கற ஞானிங்க என்ன நெனைப்பாங்க?"

"நீயே போயிக் கேட்டுட்டு வா. தள்ளி உடட்டுமா?"

அவ்வளவு தூரத்துக்குத் தங்கசாமிக்குப் பக்தி போதவில்லை. அவிழ்த்துக்கொண்டு போனான்.

மாமன் தன் மாடுகளைப் பூட்டினார். கம்பஞ்சோறு குடித்திருந்த மாடுகள் தெம்பாக இழுத்தன; குடிக்காத மாமனுக்குத்தான் மூச்சு வாங்கியது. அத்தாயி மண்வெட்டியோடு மடை திருப்பிக்கொண்டிருந்தாள். வெளுத்த ஓரத்துப் பாத்திகள் பிழைக்கப் போவதில்லை. நடுக்காடு தண்ணீரைக் குடித்தது.

உச்சி வெயிலில் மாமன் நெற்றிச் சேற்றைக் கழுவிவிட்டுக் கூப்பிட்டார். "ஏ அத்தாயி, இப்பவாச்சும் என்னைய அடையாளந் தெரியுதா?"

அவள் நிமிரவில்லை. "கடைசிப் பாத்திக்குத் தண்ணி போவட்டுமுங்க. அப்புறம் நெனைச்சுப் பாக்கறேன்."