கோர்ட்டில் பதியாத பணம்

அப்பா பிறந்த தேதியைக் குறித்துவைத்தவர் யாருமில்லை. கோவில்பட்டிக்குத் தெற்கே ஒரு சிற்றூரில், ஐப்பசி அடைமழையில் பிறந்தார் என்பது மட்டும் பெரியவர்கள் சொல்லக் கேட்டது. எனக்கு விவரம் தெரிந்தபின் நடந்தவற்றை இயன்றவரை தேதியுடன் குறித்து வந்திருக்கிறேன். 1971 ஆடி முதல் ஐப்பசி வரை அப்பா சரக்கெடுக்க வெளியூர் போயிருந்ததாக உங்களில் பலரிடம் சொன்னோம். அது பொய். அவர் சிறையில் இருந்தார். அவருடைய முதலாண்டு நினைவு நாளிலாவது உண்மையைச் சொல்லிவிட வேண்டும் என்பது அம்மாவின் விருப்பம்.

தியாகராய நகரில் அப்பா ரவிக்கைத் துணிக்கடை வைத்திருந்தார். நண்பர் ஒருவர் வாங்கிய கடனுக்கு ஜாமீன் கையெழுத்துப் போட்டார். நண்பர் ஊரைவிட்டே போய்விட்டார். கடன் கொடுத்த மயிலாப்பூர்க்காரர் வழக்குப் போட, தீர்ப்பு அப்பாவின் தலையில் விழுந்தது. மாதந்தோறும் முதல் ஞாயிறன்று அப்பா மயிலாப்பூர் போய் அவர் கையிலேயே தவணையைக் கொடுத்தார். அவரும் நேர்மையானவர். ஒரு சிறு நோட்டில் ஒவ்வொரு முறையும் தேதியிட்டுக் கையெழுத்துப் போட்டுக் கொடுத்தார். 1969 தை மாதம் கடன் முழுதும் தீர்ந்தது.

வக்கீல் குமாஸ்தா கடைக்கே வந்து, "அண்ணாச்சி, பணம் பைசல் ஆயிடுச்சுன்னு கோர்ட்டுல ஒரு மனு போட்டுப் பதிஞ்சிடுங்க" என்றார். அப்பா என்னைப் பார்த்தார். நான் கல்லூரி மாணவன். "தேதி போட்ட கையெழுத்து இருக்குல்லாப்பா, வீண் செலவு எதுக்கு?" என்றேன். என் பேச்சைக் கேட்டார்.

அந்த ஆண்டே மயிலாப்பூர்க்காரர் காலமானார். அவர் மகன் அலமாரியில் தீர்ப்பு நகலைக் கண்டெடுத்து, பணம் வரவில்லை என்று மனுப் போட்டார். நீதிபதி எங்கள் நோட்டைப் பக்கம் பக்கமாகப் புரட்டிவிட்டுத் திருப்பிக் கொடுத்துவிட்டார். "கோர்ட்டுல பதியாத பணம் கட்டாத பணம்தான். பதியற கெடுவும் போயிடுச்சு" என்றார் எங்கள் வக்கீல். கடை இருக்கிறதே, கட்ட வசதி உண்டு என்று அப்பாவைக் கைது செய்ய உத்தரவாயிற்று.

ஆடி மாதம் ஒரு செவ்வாய்க்கிழமை, விடிந்த சற்று நேரத்தில் கோர்ட் அமீனா கதவைத் தட்டினார்.

"நானா ஆசைப்பட்டா வந்துகினு கீறேன் அண்ணாச்சி? வாரண்டு கீது. இன்னா பண்ணச் சொல்றே?"

"உம்ம மேல கோவம் இல்லவே. சட்டை போட்டுக்கிடட்டுமா?"

"டிபனும் துன்னுட்டே வா. எவனாவது கேட்டா துணி வாங்க வந்தேன்னு சொல்லிக்கிறேன்."

அன்று அப்பா சாப்பிடவில்லை.

கடனுக்காக ஒருவரைச் சிறையில் அடைக்கவைத்தவரே கைதியின் சாப்பாட்டுப் படியை மாதாமாதம் கட்ட வேண்டும் என்பது சட்டம். அந்த மகன் தவறாமல் கட்டினார். மூன்றாம் மாதம் அம்மா நோட்டை எடுத்துக்கொண்டு மயிலாப்பூர்க்காரரின் மனைவியிடம் போனார்.

"அவர் கையெழுத்துதாம்மா. ஆனா பையன் நான் சொன்னா கேக்கறதில்லையே."

"மூணு மாசமா எங்க வீட்டு மனுசருக்கு நீங்கதான் சோறு போடுதீய. அதையாவது நிப்பாட்டுங்கம்மா."

அடுத்த மாதம் படி கட்டப்படவில்லை; அப்பாவை விட்டுவிட்டார்கள். சிறை வாசலில் என்னைக் கண்டதும், "யாருல கட்டினது?" என்றார். யாரும் கட்டவில்லை, படி வராததால் விட்டார்கள் என்றேன். "அப்பம் கடன் அப்படியே நிக்குது" என்று சொல்லி அங்கேயே உட்கார்ந்துவிட்டார்.

கடை கைமாறியது. அதே தெருவில் வேறொருவர் கடையில் அப்பா விற்பனையாளராக நின்றார். கட்டிய கடனையே மறுபடி முதலிலிருந்து, இம்முறை கோர்ட்டிலேயே கட்டினார். 1977 பங்குனியில் கணக்குத் தீர்ந்ததாகப் பதிவாயிற்று. "நீ சொல்லித்தானே" என்று ஒருநாளும் என்னைக் கேட்டதில்லை. கேட்டிருக்கலாம்.

படுக்கையில் கிடந்த கடைசி மாதங்களில், காலையில் யார் கதவைத் தட்டினாலும் "வந்துட்டாவளா?" என்று எழப் பார்ப்பார். எல்லாம் பதிந்தாயிற்று என்று தேதியைச் சொல்வேன். தலையசைப்பார். மறுநாளும் அதே கேள்வி. அந்தப் பயத்தோடுதான் போனார்.

மகன் மனத்தை மாற்றிய மயிலாப்பூர் அம்மாளுக்கும், பெயர் கேட்டுவைக்கத் தவறிய அந்த அமீனாவுக்கும் எங்கள் குடும்பத்தின் வணக்கம். அப்பாவைப் பார்க்க வந்தபோது, நாங்கள் கேட்டுக்கொண்டபடி கதவைத் தொடாமல், தெருவில் நின்றே "அண்ணாச்சி, நான்தான்" என்று குரல் கொடுத்த உங்கள் ஒவ்வொருவருக்கும் நன்றி.