படத்தில் அழித்த கட்டி

அந்தத் தெருவில் அவருக்கு 'நிமிருங்க' என்றுதான் பேர். இருபத்தெட்டு வருஷமாகத் தன் போட்டோ ஸ்டுடியோ ஸ்டூலில் உட்காருகிறவர்களிடம் "கொஞ்சம் நிமிருங்க" என்று சொல்லிச் சொல்லியே வந்த பேர். பருவோ தழும்போ எதுவானாலும் கம்ப்யூட்டரில் துடைத்து எறிந்துவிடுவார். அதில் மனுஷனுக்குத் தலைகால் புரியாத பெருமை வேறு.

ஒருநாள் பாஸ்போர்ட்டுக்காக மனைவியையே படமெடுத்தார். கழுத்தெலும்புக்கு மேலே சின்னதாக ஒரு புடைப்பு. கைப்பழக்கத்தில் அதை அழித்துவிட்டுப் பிரிண்ட் போட்டார். படங்களை வெட்டுவது மனைவியின் வேலை. கத்திரியோடு நின்றவள் சிரித்தாள்.

"ஏங்க, என் கட்டி எங்க போச்சு?"

"கட்டியா? எத்தனை நாளா இருக்கு?"

"ஒன்றரை மாசம் இருக்கும். வலிக்கவே இல்ல. வலிச்சா சொல்லியிருக்க மாட்டேனா?"

அவருக்குச் சுருக்கென்றது. ஊரார் கழுத்தையெல்லாம் உற்று உற்றுப் பார்க்கிற கண், வீட்டுக் கழுத்தைக் கோட்டைவிட்டுவிட்டதே! அது போதாதென்று தன் கையாலேயே அழித்தும் விட்டாரே! போன வருஷம் அவளை எடுத்த, இன்னும் கை வைக்காத படத்தைத் தேடிப் பார்த்தார். அதில் புடைப்பு இல்லை. கடையைச் சாத்திவிட்டு மனைவியை டாக்டரிடம் இழுத்துக்கொண்டு ஓடினார்.

டாக்டரம்மா விரலால் அழுத்திப் பார்த்தார்.

"நெறி கட்டுறது எல்லாருக்கும் வர்றதுதான். சளி, தொண்டைவலி, சொத்தைப்பல்னா கழுத்துல இருக்கிற நிணநீர்க் கணு கிருமியோட மல்லுக்கட்டி வீங்கும், வலிக்கும். ரெண்டு மூணு வாரத்துல பெரும்பாலும் தானா வத்திடும். இது அப்படி இல்ல. கெட்டியா இருக்கு, நகரல, கழுத்தெலும்புக்கு மேல வேற இருக்கு. வலிக்கலைன்னு சும்மா விடக்கூடாதும்மா. சதை எடுத்துச் சோதிச்சிடலாம்."

நிணநீர்ப் புற்று என்று வந்தது முடிவு. அன்று இருவரும் அழுத அழுகை சொல்லி மாளாது. ஆனால் அதிகம் பரவவில்லை, மருந்துக்குக் கேட்கிற வகைதான் என்றார்கள். ஆறு மாதம் மருந்து ஏறியது. முடி கொட்டியது, வாயெல்லாம் புண். அவர் சமைத்த கண்றாவியை வேறு முகம் சுளிக்காமல் விழுங்கினாள், பாவம். கடைசி ஸ்கேனில் ஒன்றுமில்லை என்றதும், "நீங்க நல்லா இருக்கணும் டாக்டர்" என்று அவர் கையெடுத்துக் கும்பிட்டார்.

முடி முளைத்ததும் மறுபடி ஸ்டூலில் வந்து உட்கார்ந்தாள். கழுத்தில் சதை எடுத்த தழும்பு.

"இதுல கை வச்சீங்க, அப்புறம் இருக்கு உங்களுக்கு!"

"அந்த வேலையே வேணாம் தாயே. கொஞ்சம் நிமிரு."

நிமிர்ந்தாள். அவருக்குத்தான் கண் கலங்கி ஒன்றும் தெரியவில்லை.

"நிமிர்ந்துதான் இருக்கேன். எடுங்க."

"எடுக்கறேன், எடுக்கறேன். கொஞ்ச நேரம் இப்படியே உட்காரு."