சொந்த ஊரில் சாப்பாட்டு டூர்

மொராக்கோவில் கைடு பின்னாலேயே நடந்து தெருக்கடைகளில் சாப்பிட்டு வந்த என் மச்சினன், அதே டூரை நம்ம கேஜிஎஃப்பில் தொடங்கப் போகிறான்.

இன்று சாயங்காலம் ஒத்திகை. அவன் கைடு, நான் டூரிஸ்ட்.

இட்லிக் கடையில் என் தோளில் கை போட்டு, தணிந்த குரலில் இட்லியின் வரலாற்றை விளக்கினான். கடைக்கார அக்கா எங்கள் இருவரையும் மாறி மாறிப் பார்த்தார்.

"இன்னாப்பா, வீட்ல சமைக்கலியா?"

"இது டூரு, அக்கா" என்றேன்.

"சரி சரி" என்று சட்னியைக் கூடுதலாக ஊற்றினார்.

வடைக் கடையிலும் அவன் அதேபோல விளக்க, நான் தலையாட்டினேன். கடைக்காரர் மெதுவாகச் சொன்னார்: "பொண்டாட்டியோட தம்பியே வந்து இவ்ளோ சொல்றாரு. விட்டுக் குடுத்துப் போங்க சார்."

நாலாவது கடையில் பணியாரம் வாயில் இருக்கும்போது மனைவி போன் செய்தாள்.

"நமக்குள்ள பெரிய சண்டையாமே? எப்போ போட்டோம்? எனக்கு ஒண்ணும் சொல்லலியே?"

வீட்டுக்கு வந்தால், ஊரின் இன்னொரு பகுதியான மைசூர் மைன்ஸிலிருந்து மாமனார் வந்து உட்கார்ந்திருக்கிறார். சமாதானம் பேச. கையில் ஒரு சீப்பு வாழைப்பழம்.

மச்சினன் ரேட்டிங் கேட்டு லிங்க் அனுப்பியிருக்கிறான். எத்தனை ஸ்டார் போடலாம், சொல்லுங்க. மாமனார் பக்கத்தில் உட்கார்ந்து என் போனையே பார்த்துக்கொண்டிருக்கிறார்.