செல்லையா போட்ட கையெழுத்து

பரமசிவம் அண்ணாச்சி இறந்த செய்தி எனக்குச் சுவரொட்டியாக வந்தது. காலையில் பால் வாங்கப் போனேன். கோவில்பட்டி பேருந்து நிலையச் சுவரில் பசை காயாமல் இருந்தது. "எங்கள் அரசியல் ஆசானே" என்று மேலே போட்டு, கீழே செல்லையாவின் படம். அண்ணாச்சியின் படத்தைவிட அது பெரியது. பால் வாங்காமலே திரும்பிவிட்டேன்.

நம் கட்சியில் இருந்தவர்களுக்காக இதை எழுதுகிறேன். பல வருடங்களுக்கு முன்பு, தீப்பெட்டி செய்யும் ஆபீஸ்கள் ஒவ்வொன்றாகச் சாத்தப்பட்ட வருடம் அது. பருத்தியைக் கேட்க ஆளில்லை. வேலை போன பெண்கள் மனுவோடு போனபோது, நாங்கள் அதுவரை இருந்த பழைய கட்சியின் மாவட்டப் பொறுப்பாளர் பின்வாசல் வழியாகக் காரில் ஏறிப் போனார். அன்றைக்கே அண்ணாச்சி இருபது வருடம் கட்டிய கரைவேட்டியைக் கழற்றினார். கரிசல் உழைப்போர் கட்சி பிறந்தது. ஏழு மாதம் இருந்தது.

நான் பத்திரம் எழுதிப் பிழைத்தவன். அதனால் தீர்மானப் புத்தகத்தை என்னிடம் கொடுத்தார். கூட்டம் முடிந்ததும் வந்தவர்கள் எல்லாரும் அதில் கையெழுத்துப் போட வேண்டும். நான் வைத்த ஒரே விதி அதுதான். அண்ணாச்சியோடு பழைய கட்சியை விட்டு வந்த செல்லையா ஒவ்வொரு முறையும் சலித்துக்கொள்வார்.

"ஏன் ரைட்டரே, கட்சி நடத்துதோமா, கிரயம் முடிக்கோமா?"

"போடுலே," என்பார் அண்ணாச்சி. "நாளைக்கு நான் அந்தக் கட்சியிலயே இல்லைன்னு நீதான் முதல்ல சொல்லுவ."

எல்லாரும் சிரிப்போம். செல்லையாதான் அதிகம் சிரிப்பார்.

தேர்தல் வந்தது. அண்ணாச்சி வேட்பாளர். எங்களைப் போன்ற சிறு கட்சிக்கு மனுவில் பத்துப் பேர் முன்மொழிய வேண்டும். பத்தாவது கையெழுத்து செல்லையாவுடையது. மனுப் பரிசீலனை அன்று அவர் பழைய கட்சிக்காரர்களோடு தேர்தல் அலுவலகத்துக்குள் வந்து, அதிகாரியிடம், "இது என் கையெழுத்து இல்லை" என்றார். கடைசி எழுத்தின் வாலைக் கீழே இழுத்து அதன் அடியில் இரண்டு புள்ளி வைப்பது அவர் வழக்கம். மனுவில் அப்படியே இருந்தது. என் துணிப்பைக்குள் இருந்த தீர்மானப் புத்தகத்தில், பதினோரு இடத்தில் இருந்தது.

"வேறு யாராவது ஏதாவது சொல்கிறீர்களா?" என்று அதிகாரி கேட்டார். அண்ணாச்சி என்னைப் பார்த்தார். நான் வாயைத் திறக்கவில்லை. பையைத் திறக்கவில்லை. மனு தள்ளுபடியானது. கட்சியும் அதோடு முடிந்தது. செல்லையாவுக்கு ஒரு கூட்டுறவுச் சங்கத் தலைவர் நாற்காலி கிடைத்தது.

மறுநாள் மன்னிப்புக் கேட்கப் போனேன். அண்ணாச்சி உளுந்துக் காட்டில் களை எடுத்துக்கொண்டிருந்தார்.

"அவன் வாயத் தொறந்து பொய் சொன்னான். நீரு தொறக்காமச் சொன்னீரு. ரெண்டு பேரையும் மன்னிக்க மாட்டேன்" என்றார். பிறகு, "வெயில்ல நிக்காதீரும். அந்தப் பொஸ்தகத்தத் தொலைச்சிராதீரும்" என்றார்.

அதன் பிறகும் வாரம் தவறாமல் அவரைப் பார்க்கப் போனேன். மன்னிக்கவும் இல்லை, வர வேண்டாம் என்று சொல்லவும் இல்லை.

பதினாறாம் நாள் படத்திறப்பு. வாசலில் இரங்கல் பதிவேடு வைக்கும் பொறுப்பை அவர் மகள் சாந்தி என்னிடம் கொடுத்தாள். புதிதாக வாங்கவில்லை. தீர்மானப் புத்தகத்தில் பின்பக்கங்கள் காலியாக இருந்தன. அதையே விரித்து வைத்தேன்.

செல்லையா மாலையோடு, ஆட்களோடு வந்தார். படம் எடுக்க ஒருவர் நின்றார். "அண்ணாச்சி வழியில் என்றும்" என்று எழுதி, நிதானமாகக் கையெழுத்துப் போட்டார். வாலும் இரண்டு புள்ளியும் அப்படியே.

நான் பழைய கூட்டப் பக்கங்களுக்குப் புரட்டினேன். ஒவ்வொரு கூட்டத் தேதியையும் வாசித்து, ஒவ்வொரு கையெழுத்தின் மேலும் விரலை வைத்துக் காட்டினேன். பதினொன்று. பிறகு இன்றையது, பன்னிரண்டு. கூடத்தில் பழைய தீப்பெட்டி ஆபீஸ் பெண்கள் எழுந்து வந்து குனிந்து பார்த்தார்கள்.

"பழைய கதையெல்லாம் எதுக்கு ரைட்டரே?" என்றார் செல்லையா.

"பழசா மாமா?" என்றாள் சாந்தி. "உங்க மை இன்னும் காயலியே."

அவர் மாலையை நாற்காலியில் வைத்துவிட்டுப் போனார். படம் எடுக்க வந்தவரும் பின்னாலேயே போனார்.

அன்று அந்த அலுவலகத்தில் செய்ய வேண்டியதை, இத்தனை வருடம் கழித்து, அண்ணாச்சி பார்க்க முடியாத இடத்தில் செய்தேன். இது போதுமா என்று எனக்குத் தெரியவில்லை. போதாது என்றுதான் அவர் சொல்வார். அவரிடமிருந்து நான் வைத்துக்கொள்வது இரண்டு. ஒன்று அந்தப் புத்தகம். என் வீட்டு மேசையில் இருக்கிறது, யார் வந்து கேட்டாலும் திறந்து காட்டுவேன். மற்றொன்று, அவர் எனக்குக் கடைசிவரை தராத மன்னிப்பு.