மாடியில் வரைந்த கடல்

இராமநாதபுரத்தில் எங்கள் வீட்டு மாடியில் ஆறு வருடம் அனிமேஷன் ஸ்டுடியோ நடத்தியவர் தங்கச்சிமடத்து மீனவர் வீட்டுப் பெண். ஒல்லியான உருவம், பெரிய கண்ணாடி. யாரிடம் பேசினாலும் அவர்களுடைய கையசைவையே பார்த்துக்கொண்டிருப்பார். மூன்று பேரோடு தொடங்கிய இடத்தில் பிறகு பதினைந்து பேர் வரைந்தார்கள். வெளியூர்க் கம்பெனிகள் தந்த வேலைகள் நின்றதும் மூட வேண்டியதாயிற்று.

சாவி கொடுக்க வந்தவரிடம், "வருத்தமா இருக்காம்மா?" என்று கேட்டேன்.

"இருக்குண்ணே. ஆனா நாங்க இங்க வரைஞ்ச கடல் படத்த எங்க ஊர்ல போட்டுக் காட்டினோம்ல? எங்கய்யா பார்த்துட்டு, 'வலை இழுக்குறத வரைஞ்சவன் கடலுக்குப் போனவன்தான்'னாரு. வரைஞ்சது நாந்தாம்யான்னேன். 'மறுபடி போடு'ன்னாரு."

இப்போது மாடியில் வேறு ஆள் குடியிருக்கிறார். வீட்டுக்கு யார் வந்தாலும், "அந்தப் படத்த இங்கனதான் வரைஞ்சாங்க" என்று சொல்லாமல் நான் விடுவதில்லை.