மண்டி போடுங்க

இரண்டாயிரத்து நான்கோ ஐந்தோ. என் கணவர் ஓசூரில் ஒரு கம்பெனியில், இரும்புத் தகடு அழுத்தும் பிரஸ் ஷாப்பில் சூப்பர்வைசர். அவர் ஓர் அதட்டுப் போட்டால் நாற்பது பேர் ஓடுவார்கள். ஒரு ஞாயிற்றுக்கிழமை மத்தியானம் சாப்பிட்டுக் கை கழுவிவிட்டு வந்து என்னிடம் சொன்னார்: "வீட்ல நீ என்னைய அதட்டணும். சொன்னத நான் செய்யறேன். கையக் கட்டிப் போட்டாலும் சரி."

பேய்க்கு வாழ்க்கைப்பட்டால் புளியமரம் ஏறித்தானே ஆக வேண்டும் என்று சிரித்தேன். "உனக்குப் புடிக்கலன்னா வேணாம்," என்றார். பிடிக்கவில்லை என்றும் சொல்ல முடியவில்லை, அதுதான் குழப்பம். கதவைச் சாத்தினேன், பக்கத்து வீட்டுக் கன்னடக்கார அக்காவுக்குத் தமிழ் நன்றாகவே புரியும். "மண்டி போடுங்க," என்றுதான் என் வாயில் வந்தது. மரியாதையோடு ஓர் அதட்டல்! இருவருக்கும் சிரிப்பு அடங்கவில்லை. ஆனால் அவர் நிஜமாகவே மண்டி போட்டதும் எனக்கு உடம்பு சிலிர்த்தது, அதையும் சொல்லிவிடுகிறேன்.

ஒரே ஒரு நிபந்தனை வைத்தார். அவர்கள் கம்பெனியில் மெஷினுக்குள் இறங்கி வேலை பார்க்கிறவர், மெயின் சுவிட்சைப் பூட்டிச் சாவியைத் தன்னிடமே வைத்துக்கொள்வார். வெளியே இருப்பவர் யாரும் தெரியாமல் ஓட்டிவிடக் கூடாது. அதேபோல நான் துண்டால் கைகளைக் கட்டும்போது பீரோ சாவி அவர் உள்ளங்கையில் இருக்கும். அதைக் கீழே போட்டால் உடனே அவிழ்த்துவிட வேண்டும்.

மூன்றாம் வாரம் எனக்குத் திமிர் ஏறிவிட்டது. அதிகாரம் என்னுடையது என்றால் சாவி மட்டும் அவரிடம் எதற்கு? கைகளைக் கட்டியதும் அதைப் பிடுங்கி இடுப்பில் செருகிக்கொண்டேன். அவர் ஒன்றும் சொல்லவில்லை. சம்மதம் என்று நினைத்து, அடுப்படிக்குப் போய்க் குழம்பைக் கிளறிவிட்டு வந்தேன். முகமெல்லாம் வியர்த்து, உதடு வெளுத்துப்போய் இருந்தார். எப்படியோ முடிச்சை அவிழ்த்தேன்.

"ஏங்க, வாயத் தெறந்து சொல்ல வேண்டியதுதானே?"

"சொல்றதுக்குத்தான சாவி."

அதன்பின் ஞாயிறானால் காய் வாங்கக் கெலமங்கலம் சந்தைக்குக் கிளம்பிவிடுவார். கட்டுப்பட்டவர் அவர். அப்படியிருக்க, இனி என்னை நம்புவாரா என்று நான் ஏன் வாசலையே பார்த்துக்கொண்டிருந்தேன்? யார் கையில் யார் இருந்தோம் என்று எனக்குப் புரியவேயில்லை.

ஒரு மாதம் கழித்து அவராகவே வந்து கைகளை நீட்டினார்.

"பயமா இருக்குங்களா?" என்றேன்.

"இருக்கு," என்றார். கைகளை இழுத்துக்கொள்ளவில்லை.

என்னால் கட்ட முடியவில்லை. அந்தக் கைகளைப் பிடித்துக்கொண்டு தரையில் உட்கார்ந்து அழுதேன்.