ரைட்டர் கேட்ட சிரிப்பு

எந்த நாட்டு நகைச்சுவைத் தொடராக இருந்தாலும் சரி, நான் முதலில் கவனிப்பது நடிப்பவர்களை அல்ல, பின்னால் சிரிப்பவர்களை. விடுதியில் என் அறைத் தோழிகளுக்கு இது பெரிய தொல்லை. அவர்கள் கதையில் ஆழ்ந்திருக்கும்போது நான் நடுவில் புகுந்து, இப்போது சிரித்தார்களே, அதில் ஒரு பெரியவர் மட்டும் தாமதமாகச் சிரித்தார், கேட்டீர்களா என்பேன். தலையணை பறந்து வரும்.

இதைப்பற்றிச் சொல்ல என்னிடம் நிறைய இருக்கிறது, கேட்கத்தான் ஆள் கிடைப்பதில்லை. வானொலிக் காலத்திலேயே ஆட்களைக் கூடத்தில் உட்காரவைத்துச் சிரிக்க வைத்தார்கள். தொலைக்காட்சி வந்ததும் ஒரு வரவேற்பறை, ஒரு சோபா, மூன்று கேமரா, எதிரே ஒரு கூட்டம் என்று ஆனது. அமெரிக்காவில் ஒருவர் சிரிப்பையெல்லாம் பெட்டிக்குள் அடைத்து, டைப்ரைட்டர் போலப் பட்டனைத் தட்டினால் வேண்டிய அளவு சிரிப்பு வரும்படி செய்தார். பிறகு பல நாடுகளில் சிரிப்பைத் தூக்கிப் போட்டுவிட்டு, நடிப்பவரே கேமராவைத் திரும்பிப் பார்த்து விழிக்கும் பாணி வந்தது. நாம் மட்டும் சிரிப்பு போதாதென்று 'டொய்ங்' என்று ஒரு சத்தத்தையும் சேர்த்துக்கொண்டோம். இந்த வரலாற்றை எழுதுகிற யாரும் எங்கள் மலையூரான நாகலூரைச் சேர்ப்பதில்லை. சேர்த்திருக்க வேண்டும்.

எனக்கு அப்போது ஒன்பது வயது. அம்மாவின் தம்பி, அதாவது என் மாமா, நாகலூரில் கேபிள் நடத்திக்கொண்டிருந்தார். ஊருக்கெல்லாம் வரும் சேனல்களோடு, அவருக்கென்று சொந்தமாக ஒரு சேனலும் இருந்தது. அதில் காதுகுத்து வீடியோ, கோயில் திருவிழா, பழைய பாட்டு எல்லாம் ஓடும். அவருடைய வயர் போன தூரம்தான் அந்தச் சேனலின் உலகம். கடைத்தெரு, அப்பாவும் அம்மாவும் கூலிவேலை பார்த்த காப்பி எஸ்டேட்டின் லைன் வீடுகள், மேட்டில் இருந்த எஸ்டேட் ரைட்டரின் குவார்ட்டர்ஸ், அவ்வளவுதான்.

ஒருநாள் மாமா ஏதோ ஓர் ஆங்கிலத் தொடரைப் பார்த்திருக்கிறார். அவருக்கு ஆங்கிலம் பஸ் போர்டு படிக்கிற அளவுக்குத்தான் வரும். ஆனாலும் விழுந்து விழுந்து சிரித்திருக்கிறார். ஏன் சிரித்தோம் என்று யோசித்ததில், பின்னால் சிரிக்கிறவர்கள்தான் தம்மைச் சிரிக்க வைத்தார்கள் என்று கண்டுபிடித்துவிட்டார். அன்றே முடிவு செய்தார். ஞாயிறுதோறும் மாலை ஏழு மணிக்கு அரை மணிநேரம், நாகலூரின் சொந்த நகைச்சுவைத் தொடர். கல்யாண வீடியோ எடுக்கும் கேமரா இருந்தது. கதையும் அவரே எழுதினார். எனக்குப் பள்ளி விடுமுறை என்பதால் நான் உதவி இயக்குநர்.

கதை இதுதான். சர்க்கரை நோய்க்காரக் கணவன் மனைவிக்குத் தெரியாமல் வெல்லத்தை வீடெங்கும் ஒளித்து வைக்கிறான். மனைவி அடுப்படியில் இருந்து குரல் மட்டும் கொடுப்பாள், ஆள் தெரியமாட்டாள். காரணம் எளியது. அந்தப் பாத்திரத்தில் நடிக்க எங்கள் பக்கத்தில் ஒரு பெண்ணும் முன்வரவில்லை. குரலையும் மாமாவே கொடுத்தார். கண்ணில் படாத மனைவி என்பது பல நாட்டுத் தொடர்களில் பெயர்பெற்ற உத்தி என்று பின்னாளில் தெரிந்தபோது, அது எங்கள் மாமா கண்டுபிடித்தது ஆயிற்றே என்று எனக்குக் கோபம் வந்தது.

படம் எடுக்க இடம் வேண்டும். காப்பிப் பழம் காயப்போடும் களம் மே மாதத்தில் சும்மா கிடக்கும். அதற்கு ரைட்டரின் அனுமதி வேண்டும். ரைட்டர் என்றால் தினமும் காலையில் எஸ்டேட் ஆபீஸ் வாசலில் பேர் கூப்பிட்டு, யாருக்கு எந்தக் காட்டில் வேலை என்று சொல்பவர். யாருக்கு வேலை இல்லை என்று சொல்பவரும் அவரே. முதலாளி எப்போதாவது காரில் வந்து போவார். மற்ற நாளெல்லாம் ரைட்டர்தான் எல்லாம். அவருடைய மனைவியும் பிள்ளைகளும் பள்ளிக்கூடத்துக்காகச் சேலத்தில் இருந்தார்கள். இவர் மட்டும் குவார்ட்டர்ஸில் தனியாகப் பொங்கித் தின்றுகொண்டிருந்தார்.

மாமா போய்க் கேட்டதும் அவர் யோசிக்காமல் சம்மதித்தார். ஒரே நிபந்தனை, கணவன் வேஷம் தமக்கு வேண்டும் என்றார். கல்லூரியில் நாடகத்தில் நடித்தவராம்.

களத்தில் மூங்கில் நட்டு, அம்மாவின் சேலைகளைக் கட்டி மூன்று பக்கச் சுவர் எழுப்பினோம். நாலாவது பக்கம் கேமராவுக்கும் சிரிப்பவர்களுக்கும். எங்கள் லைனிலிருந்து பதினாறு பெண்கள் வந்து சாக்கை விரித்து உட்கார்ந்தார்கள், அம்மாவும்தான். முன்வரிசை அக்கா ஒருத்தி, ஏனுங்க, இந்த ஊட்டுக்கு முன்செவுரே இல்லையே, திருடன் வந்தா என்னங்க பண்றது என்று கேட்டாள். எல்லோரும் கொல்லென்று சிரித்தார்கள். மாமா பூரித்துப்போனார். அந்தச் சிரிப்பைப் பதிவு செய்ய மறந்ததுதான் பிழை.

என் வேலை, ஸ்டாண்டில் நின்ற கேமராவுக்குப் பக்கத்தில் மஞ்சள் பிளாஸ்டிக் முறத்தோடு நிற்பது. முறத்தைத் தூக்கினால் சிரிக்க வேண்டும், இறக்கினால் நிறுத்த வேண்டும். வெளிநாட்டில் இதற்கு விளக்கு எரியுமாம்.

ரைட்டர் வந்தார். சட்டைப்பையிலும் பானைக்குள்ளும் வெல்லத்தை ஒளித்தார். கடைசியில் குடைக்குள் ஒளித்தார். அடுப்படியிலிருந்து மாமா பெண்குரலில், மழை வருதுங்க, துணிய எடுங்க என்றார். ரைட்டர் பதற்றத்தில் குடையை விரித்தார். வெல்லம் பொலபொலவென்று தலையில் கொட்டியது. இன்றுவரை எத்தனையோ தொடர் பார்த்துவிட்டேன், நிஜமாகவே அது நல்ல காட்சி.

முறத்தைத் தூக்கினேன். ஒரு சத்தம் இல்லை.

பதினாறு பேரும் முந்தானையால் வாயைப் பொத்திக்கொண்டு, துக்க வீட்டில் உட்கார்ந்தவர்கள் மாதிரி தரையைப் பார்த்திருந்தார்கள். நான் முறத்தை ஆட்டினேன், குதித்தேன். ஒருத்தி இருமினாள். ரைட்டர் மீசையிலிருந்த வெல்லத்தைத் துடைத்துக்கொண்டு, மாமாவிடம் மெதுவாக, நல்லா இல்லீங்களா என்று கேட்டார். நொம்ப நல்லா இருந்துச்சுங்க என்றார் மாமா. இன்னும் மூன்று முறை எடுத்தோம். மூன்று முறையும் வெல்லம் கொட்டியது. மூன்று முறையும் அதே துக்க வீடு. ரைட்டர் குடையை மடக்கிக்கொண்டு மேட்டில் ஏறிப் போனார்.

வீட்டுக்கு வந்ததும் மாமா அம்மாவிடம் பொரிந்து தள்ளினார். அம்மா அடுப்பை ஊதிக்கொண்டே சொன்னாள்:

"ரைட்டரு முன்னாடி பல்லைக் காட்ட முடியுமாடா? காலையில பேர் கூப்புடறப்ப மூஞ்சிய எங்க கொண்டு போயி வெக்கறது?"

மாமாவுக்கு அப்போதுதான் உறைத்தது. எங்கள் பக்கத்தில் ரைட்டர் முன்னால் யாரும் நிமிர்ந்து பார்க்கமாட்டார்கள், உரக்கப் பேசமாட்டார்கள். சிரிப்பது நடக்கவே நடக்காது. அமெரிக்காக்காரர் வந்து சேர்ந்த அதே இடத்துக்கு மாமாவும் வந்து சேர்ந்தார். சிரிப்பைத் தனியாகப் பிடித்து வந்து ஒட்டிவிட வேண்டியதுதான்.

மறுநாள் காலை பத்து மணி டீ நேரத்தில், களைவெட்டு நடந்த காட்டுக்கு மைக்கோடு போனோம். சில்வர் ஓக் மரத்தடியில் பெண்கள் உட்கார்ந்திருந்தார்கள். ரைட்டர் டவுனுக்குப் போயிருந்தார். மாமா தமக்குத் தெரிந்த ஜோக்கையெல்லாம் சொன்னார். பாவம் என்று ஒருத்தி அவருக்கு முறுக்கு கொடுத்தாள். அவ்வளவுதான் பலன்.

பிறகு அம்மா எழுந்தாள். தலைத்துண்டை மடித்து நோட்டுப் போலக் கக்கத்தில் இடுக்கினாள். இல்லாத கண்ணாடியை மூக்கில் தூக்கிவிட்டாள். இரண்டுமுறை செருமினாள். ரைட்டர் பேர் கூப்பிடும்போது ஒவ்வொருவரிடமும் சொல்லும் வாசகத்தை, அவருடைய மூக்கடைத்த குரலிலேயே, இழுத்துச் சொன்னாள்:

"இருக்கியாம்மா? இருந்தா இருக்கேன்னு சொல்லு. இல்லாட்டி இல்லைன்னு சொல்லு."

எங்கிருந்துதான் வந்ததோ அத்தனை சிரிப்பு. ஒருத்தி மரத்தைக் கட்டிக்கொண்டு சிரித்தாள். ஒருத்தி, போதும் சாமி, வயிறு வலிக்குது என்று மண்ணில் உருண்டாள். பொத்திய வாய் ஒன்றுகூட இல்லை. ஓய்ந்ததும் அம்மா மறுபடி செருமுவாள், மறுபடி கிளம்பும். மாமா கண்ணீர் வழிய மைக்கைப் பிடித்திருந்தார். நான் முறத்தைத் தூக்க வேண்டிய அவசியமே ஏற்படவில்லை.

ஞாயிற்றுக்கிழமை கேபிள் ரூமில் உட்கார்ந்து மாமா படத்தில் சிரிப்பை வெட்டி ஒட்டினார். கரண்ட் போய்ப் போய் வந்ததில் ஆறரை ஆகிவிட்டது. கடைசியில் பேர்கள் ஓடும்போது போடுவதற்கு இருப்பதிலேயே பெரிய சிரிப்பாகப் பார்த்து எடு கண்ணு என்று என்னிடம் விட்டார். நானும் பெரியதாகவே எடுத்தேன். அதன் நடுவில் அம்மாவின் குரல் இருந்தது எனக்கு உறைக்கவில்லை. பிறந்ததிலிருந்து கேட்கிற குரல், காதில் தனியாக விழவா போகிறது?

ஏழு மணிக்கு எங்கள் வீட்டில் லைனே கூடியிருந்தது. களத்தில் சிரிக்காதவர்கள், டிவிக்குள் தாங்களே சிரிப்பதைக் கேட்டு இன்னும் சிரித்தார்கள். வெல்லம் கொட்டியபோது கூரை அதிர்ந்தது. மாமா கதவோரம் மாப்பிள்ளை மாதிரி நின்றிருந்தார். பேர்கள் ஓடத் தொடங்கின. சிரிப்பு எழுந்தது. அதன் நடுவிலிருந்து, மூக்கடைத்த குரலில், சுத்தமாக, இருந்தா இருக்கேன்னு சொல்லு, இல்லாட்டி இல்லைன்னு சொல்லு.

எல்லோர் தலையும் வாசல் பக்கம் திரும்பியது. மேட்டில் குவார்ட்டர்ஸ் ஜன்னலில் டிவி வெளிச்சம் நீலமாகத் தெரிந்துகொண்டிருந்தது. சற்று நேரத்தில் அது அணைந்தது.

அம்மா போச்சு என்று மட்டும் சொன்னாள். வேலை போனால் லைன் வீடும் போகும் என்பது எனக்கே தெரியும். அப்பா கிளியூரில் இருக்கும் அத்தை வீட்டுப் பக்கம் வேலை கேட்டுப் பார்க்கலாம் என்றார். அந்தச் சிரிப்பை எடுத்தது யார் என்று மாமா கடைசிவரை யாரிடமும் சொல்லவில்லை. அதற்காக அவர் சொல்கிற வேலையெல்லாம் செய்வதென்று நான் மனதுக்குள் சத்தியம் செய்துகொண்டேன்.

காலையில் அம்மாவின் முந்தானையைப் பிடித்துக்கொண்டு நானும் ஆபீஸ் வாசலுக்குப் போனேன். பத்தடியில் நிற்பவர் தெரியாத மூடுபனி. அதற்குள்ளிருந்து ரைட்டர் நோட்டோடு வந்தார். பேர் கூப்பிட்டார். வெறும் பேர் மட்டும். வழக்கமான வாசகம் இல்லை. அது இல்லாமல் எப்போது பதில் சொல்வதென்று தெரியாமல் ஒவ்வொருத்தியும் தடுமாறினாள். அம்மாவின் பேர் கடைசியாக வந்தது. ரைட்டர் நிறுத்தினார். கண்ணாடியைத் தூக்கிவிட்டார். இரண்டுமுறை செருமினார். பிறகு தமக்குச் சொந்தமான அந்த வாசகத்தை, அம்மா இழுத்த மாதிரியே இழுத்து, முழுசாகச் சொன்னார்.

அம்மா நடுங்கிப்போய்ச் சொன்னாள்: "இல்லீங்க."

பிறகு மூடுபனிக்குள் எங்கோ ஒருத்தி பொறுக்க முடியாமல் 'க்கும்' என்றாள். அவ்வளவுதான், அணை உடைந்தது. ரைட்டர் முன்னால், ஆபீஸ் வாசலில், பதினாறு பேரும் வாயைப் பொத்தாமல் சிரித்தார்கள். அம்மாவும் அழுகையும் சிரிப்புமாய்ச் சேர்ந்துகொண்டாள். ரைட்டர் சிரிக்கவில்லை. நோட்டைப் பார்த்தபடியே நின்றார். ஆனால் பக்கத்தைப் புரட்டவும் இல்லை, போகச் சொல்லவும் இல்லை. சிரிப்பு முழுக்க அடங்குகிற வரைக்கும் நின்றுவிட்டு, நீ இருக்கேன்னு எழுதிக்கறேன், போ என்றார்.

அன்று மாலை அவர் கேபிள் ரூமுக்கு வந்தார். நான் மாமாவின் முதுகுக்குப் பின்னால் ஒளிந்துகொண்டேன். அடுத்த வாரம் எப்போ படம் எடுக்கறீங்க என்று கேட்டார். போகிற போக்கில், ரொம்பச் சாதாரணமாக, ஒரு சிடி போட்டுத் தர முடியுமா என்றார். நாடகம்தானுங்களே, இப்பவே தர்றேன் என்றார் மாமா.

"நாடகம் வேண்டாமுங்க. அந்தச் சிரிப்பு மட்டும் போதும். அந்தம்மா பேசறதை வெட்டீராதீங்க."

மாமா அவரை ஒரு பார்வை பார்த்துவிட்டு சிடி போட்டுக் கொடுத்தார். ரைட்டர் அதைச் சட்டைக்குள் வைத்துக்கொண்டு மழைத்தூறலில் மேடேறினார்.

எனக்குத்தான் தலை வெடித்தது. கதை இல்லை, ஆள் இல்லை, வெறும் சிரிப்பை வைத்து ஒரு மனிதர் என்ன செய்ய முடியும்? யோசித்து யோசித்து நானே விடையைக் கண்டுபிடித்தேன். அவர் தனியாக ஒரு தொடர் எடுக்கப் போகிறார். எங்களுக்குப் போட்டியாக. அதற்குத்தான் சிரிப்பை முன்கூட்டியே வாங்கிப் போயிருக்கிறார். மாமாவை எச்சரித்தேன். அவர் என் தலையைத் தடவிவிட்டு வேறு வேலை பார்க்கப் போய்விட்டார்.

அந்த மழைக்காலம் முழுக்க, பொழுது சாய்ந்து வீடுகளில் அடுப்புப் புகை எழும்பும் நேரத்தில், மேட்டிலிருந்து எங்கள் லைன் பெண்களின் சிரிப்பு இறங்கி வரும். நடுவில் அம்மாவின் குரலும் வரும். அம்மா பாத்திரம் தேய்ப்பதை நிறுத்திவிட்டு அந்தப் பக்கம் பார்ப்பாள், பிறகு தேய்ப்பாள். நான் மட்டும் வாசலில் நின்று காதைத் தீட்டிக்கொண்டு, ஒத்திகை பலமாகத்தான் நடக்கிறது, சீக்கிரம் படம் வந்துவிடும் என்று பயந்துகொண்டிருந்தேன்.